சூப் கொதிக்கிற நேரம்

அடுப்படியில் கேமரா மாட்டிய அன்று சண்முகப்பிரியா தலை வாரிப் பூ வைத்துக்கொண்டு அடுப்பு முன்னால் போய் நின்றாள். கல்யாணம் முடிந்த சூட்டோடு லீவு தீர்ந்து, கப்பல் பட்டறை வேலைக்கு சிங்கப்பூர் திரும்பிவிட்ட புருஷன் தமிழழகன் இனிமேல் அங்கிருந்தே அவளைப் பார்க்கலாம். அவளுக்கு அது வெட்கமாகவும் இருந்தது, பிடித்தும் இருந்தது. பருப்பைக் கடைந்துகொண்டே ஓரக்கண்ணால் மேலே பார்த்துச் சிரித்தாள்.

கேமரா வந்ததற்குக் காரணம் திருட்டு பயம். ரெட்டிபாளையத்தில் அவர்கள் தெருவுக்கு அடுத்த தெருவில், ஆள் இல்லாத வீட்டுக் கொல்லைக் கதவை நெம்பி பீரோவை உடைத்துவிட்டார்கள். சேதி சிங்கப்பூருக்குப் போன மறுநாளே, தமிழழகனின் கூட்டாளியும் செல்போன் கடைக்காரனுமான அறிவரசன் ஏணியோடு வந்துவிட்டான். வாசலுக்கு ஒன்று, கொல்லைப் பக்கத்துக்கு ஒன்று. இந்த வீட்டில் கொல்லைக் கதவு அடுப்படியில்தான் இருந்தது. அடுப்புக்கு மேலே, பக்கத்தில் ஸ்விட்ச் போர்டு இருந்த இடமாகப் பார்த்து அறிவரசன் அதை மாட்டினான்.

"இங்கேருந்து கொல்லைக் கதவும் தெரியும், கூடமும் தெரியும், அண்ணி என்னா சமைக்கிறாங்கன்னும் தெரியும்" என்றான். "தமிழுக்கு அங்க பசியே எடுக்காது போங்க."

மாமியார் பஞ்சவர்ணத்துக்கு ஏக சந்தோஷம். "இனிமே நான் வாயத் தொறக்க வேண்டியதே இல்ல. எம்மவனே பாத்துக்குவான்" என்று ஏணியைப் பிடித்துக்கொண்டே மருமகளைப் பார்த்துச் சொன்னாள்.

அது வெள்ளையாகத் தேங்காய் மூடி அளவுக்கு இருந்தது. நடுவில் கறுப்பாக ஒரு கண். பிரியா இந்தப் பக்கம் நகர்ந்தால் கிர்ரென்று தலையை இந்தப் பக்கம் திருப்பும். அந்தப் பக்கம் போனால் அந்தப் பக்கம் திருப்பும். பேச்சும் அதற்குள்ளிருந்தே வரும்.

முதலில் வந்ததெல்லாம் ஆசைப் பேச்சுதான். "சாப்டியா?" "அந்தப் பச்சை சேலை உனக்கு எடுப்பா இருக்கு." "ஒரு ரூம்ல இத்தனை பேரு கெடக்கோம் பிரியா. உன்னப் பாத்துட்டுப் படுத்தாத்தான் தூக்கம் வருது." அவன் பொய் சொல்லவில்லை. அவன் குரலில் இருந்த களைப்பு அவளுக்குத் தெரிந்தது. அதனால்தான் பின்னால் வந்ததையெல்லாம் கொஞ்சங்கொஞ்சமாகப் பொறுத்துக்கொண்டாள்.

"எண்ணெய் ஏன் இவ்ளோ ஊத்துற?"

"கொல்லையில யாருகிட்ட பேசிட்டு வந்த?"

"போன்ல யாரு? உங்கக்காவா? தெனமும் என்ன பேச்சு?"

"நைட்டிக்கு மேல துண்டு எங்க?"

வீட்டில் ஆம்பளை யாரும் இல்லையே என்று அவள் சொன்னாள். "நான் இருக்கேன்ல?" என்றது சுவர்.

சமைக்கும்போது தனக்குத்தானே பேசிக்கொள்வது அவளுடைய சின்ன வயசுப் பழக்கம். வெங்காயத்தைத் திட்டுவாள், பாலைக் கெஞ்சுவாள். அது நின்றுபோனது. முகத்தில் என்ன ஓடுகிறது என்று தெரியாமலிருக்க முதுகைக் காட்டிக்கொண்டு நறுக்கப் பழகினாள். ஒருநாள் மனசு கேட்காமல் கேமராவின் ப்ளக்கைப் பிடுங்கிவிட்டாள். அரிசி களைந்து உலையில் போடுவதற்குள் வாசலில் வண்டி வந்து நின்றது. அறிவரசன் தலையைச் சொறிந்துகொண்டே உள்ளே வந்தான். "அண்ணி, தமிழு கூப்பிட்டான். லைன் கட்டாயிடுச்சாம். கரண்டு இருக்குல்ல?" பிடுங்கிய ப்ளக் மேடையில் கிடந்ததை அவன் பார்த்தான், எதிர்வீட்டுக் கொளஞ்சியும் எட்டிப் பார்த்தாள். சாயந்திரத்துக்குள் தெருவே பேசியது. புருஷன் பார்க்கக் கூடாதபடி அடுப்படியில் அவளுக்கு என்ன வேலையாம்?

அதற்கப்புறம் அவள் ப்ளக் பக்கம் கையைக் கொண்டு போகவில்லை. ஆடி மாசத்தை மட்டும் எண்ணிக்கொண்டிருந்தாள். கல்யாணமான முதல் ஆடிக்குப் பெண்ணைத் தாய்வீட்டுக்கு அழைத்துப் போவார்கள். திருமழபாடியில் அம்மா அவளுடைய கல்யாண மாலையைக் காயவைத்து, பத்திரமாக முடிந்து வைத்திருந்தாள். பதினெட்டாம் பெருக்கன்று புதுப்பெண் அதைக் கொள்ளிடத்தில் விட்டு, புது மஞ்சள் கயிறு மாற்றிக்கொள்ள வேண்டும். அந்தச் சில நாட்களாவது தலைக்கு மேல் கண் இல்லாமல் சோறு தின்னலாம், வாய்விட்டுப் பேசலாம். அவள் வேறெதுவும் கேட்கவில்லை.

ஆடி பிறந்ததும் அப்பா சாமிதுரை தட்டில் பழம், பூ, வேட்டி, சேலை எல்லாம் வைத்து எடுத்துக்கொண்டு வந்தார். பஞ்சவர்ணம் "வாங்கண்ணே" என்று நாற்காலியை எடுத்துப் போட்டாள். பிரியா காபிக்குப் பால் வைத்தாள். கிர்ரென்று கேமரா கூடத்தின் பக்கம் தலையைத் திருப்பியது.

"வாங்க மாமா" என்றது.

சாமிதுரை திடுக்கிட்டு எழுந்துவிட்டார். எந்தப் பக்கம் பார்த்துப் பேசுவது என்று அவருக்குத் தெரியவில்லை. கடைசியில் தோள் துண்டைக் கையில் எடுத்துக்கொண்டு அடுப்படி வாசலில் வந்து நின்று, மிக்ஸிக்கும் டப்பாக்களுக்கும் மேலே அண்ணாந்து பார்த்தார்.

"மாப்பிள்ள, நல்லாருக்கீங்களா? ஆடிக்குப் புள்ளைய அழைச்சிட்டுப் போவலாம்னு..."

"எதுக்கு மாமா?"

"எதுக்குன்னா... மொத ஆடி. வழக்கம்."

"வழக்கம் எதுக்கு வச்சாங்க? புருஷன் பொண்டாட்டி ஆடியில ஒண்ணா இருக்கக் கூடாது, பிரிச்சு வைக்கணும்னுதான வச்சாங்க? நான் இங்க இருக்கேன், அவ அங்க இருக்கா. ஏற்கனவே பிரிஞ்சுதான் இருக்கோம். இதுக்கு மேல என்னத்தப் பிரிக்கப் போறீங்க?"

சாமிதுரைக்குத் தெரிந்த எந்த ஆடியிலும் எந்த மாப்பிள்ளையும் இப்படிக் கேட்டதில்லை. சம்பந்தியைப் பார்த்தார். பஞ்சவர்ணம், "அனுப்பலன்னா ஊரு ஒரு மாதிரி பேசும்டா" என்று மெல்ல இழுத்தாள்.

"ஊரா வந்து உன்னப் பாத்துக்கும்? உனக்கு சுகரு முந்நூறு. அவளும் போயிட்டா யாரு கஞ்சி ஊத்துவா? வேணாம் மாமா, தப்பா எடுத்துக்காதீங்க. நான் தீவாளிக்கு வர்றப்ப நானே கூட்டிட்டு வரேன்."

"சரிங்க மாப்பிள்ள" என்று அப்பா சுவரைப் பார்த்துக் கும்பிட்டார். அந்தக் கும்பிடைப் பிரியாவால் தாங்க முடியவில்லை. பால் பொங்கி அடுப்பில் வழிந்தது. "பால், பால்!" என்று சுவர்தான் முதலில் கத்தியது.

அப்பா போனபிறகு பஞ்சவர்ணம் தட்டிலிருந்து ஒரு வாழைப்பழத்தை எடுத்தாள். "அவன் சொல்றதும் ஒரு நியாயந்தான்" என்று ஆரம்பித்தாள்.

"அம்மா, பழத்த வை" என்றது சுவர்.

கையிலிருந்த பழத்தோடு அவள் அப்படியே நின்றாள். தன் வீட்டில், தன் புருஷன் கட்டிய அடுப்படியில், தன்னை ஒரு குரல் அதட்டும் என்று அவள் நினைத்ததில்லை. எறையூர்ப் பக்கத்துக் கரும்புக் காட்டு ஊரில் பிறந்தவள் அவள். வெல்லம் கடிக்காமல் ஒரு நாளும் தண்ணீர் குடித்தவள் இல்லை. அடுத்த சில நாட்களில் வெல்ல டப்பா, பொட்டுக்கடலை டப்பா, கோயில் சர்க்கரைப் பொங்கல் எல்லாவற்றிலும் மாட்டிக்கொண்டாள். ஒருநாள் டப்பா மூடியைத் திறக்கும் சத்தத்துக்கே கேமரா திரும்பிவிட்டது.

"கண்ணுல கொள்ளி வைக்க" என்று கூடத்துக்குப் போய் முணுமுணுத்தாள். யார் கண்ணில் என்று சொல்லவில்லை.

அந்த வாரம்தான் தமிழழகன் சூப்பைக் கண்டுபிடித்தான். போனில் ஏதோ வீடியோ பார்த்திருக்கிறான். ராத்திரி சோறு வேண்டாம், ரெண்டு பேருக்கும் காய்கறி சூப், அம்மாவுக்கு சுகர் இறங்கும், பிரியாவுக்கு உடம்பு இறங்கும் என்றான்.

"ரொம்ப ஈசி. பத்தே நிமிஷம். நான் சொல்லச் சொல்ல செய். கேரட்ட நறுக்கு. இன்னும் பொடிசா. பீன்ஸ், கோஸ். பூண்டத் தட்டிப் போட்டு லேசா வதக்கு, காயப் போட்டு தண்ணி ஊத்து. தக்காளி ஒண்ணு போதும். சோள மாவு மட்டும் போடாத, அம்மாவுக்கு ஆகாது."

"அப்பக் கெட்டியா எப்படிங்க வரும்?"

"வெந்த காயில பாதிய மிக்ஸில அடிச்சு ஊத்து. மொளகுத்தூள், சீரகம், மல்லித்தழை. அவ்ளோதான்."

பஞ்சவர்ணம் எட்டிப் பார்த்தாள். "ரசமாடா இது, குழம்பாடா?"

"சூப்பும்மா. ஹோட்டல்ல காசு குடுத்துக் குடிக்கிறாங்க."

"காய்ச்சக்காரனுக்கு ஊத்துறதக் காசு குடுத்துக் குடிக்கிறானுவளா? நல்லா குடிச்சானுவ."

பிரியா அகலமான பாத்திரத்தில் தண்ணீரைக் கொஞ்சம் அதிகமாகவே ஊற்றிவிட்டாள். மூடியும் போடவில்லை. தீ நன்றாக எரிந்தது. காய் தளதளவென்று கொதிக்க, ஆவி திரண்டு நேரே மேலே போனது.

"என்னது?" என்றது சுவர். "ஒண்ணும் தெரியல. வெள்ளையா இருக்கு. பிரியா, எங்க இருக்க?"

பிரியா நிமிர்ந்து பார்த்தாள். கேமராவின் கறுப்புக் கண்மேல் ஆவி படிந்து பால் பூத்த மாதிரி இருந்தது. அவள் இடது பக்கம் நகர்ந்தாள். கேமரா திரும்பவில்லை. வலது பக்கம் போனாள். அப்போதும் திரும்பவில்லை. அவள் நாக்கைத் துருத்திக் காட்டினாள்.

"இங்கதாங்க இருக்கேன். சூப்பு கொதிக்குது."

"அத ஒரு துணிய வச்சுத் தொட."

"கைய எடுத்தா அடிபுடிச்சிடும். இருங்க."

அவள் திரும்பியபோது பஞ்சவர்ணம் கொல்லைக் கதவோரம் நின்றிருந்தாள். ஒரு கன்னம் புடைத்திருந்தது. வாயில் இருந்த வெல்லக்கட்டியை அசைக்காமல் மருமகளையே பார்த்தாள். பேசினால் சுவருக்குக் கேட்கும். பிரியா வெந்த காயில் பாதியை எடுத்து மிக்ஸியில் போட்டு ஓட்டினாள். வீடே அதிர்ந்தது. அந்தச் சத்தத்துக்குள் அவள் சொன்னாள்.

"மெல்லுங்க அத்தை, கேக்காது."

பஞ்சவர்ணம் வெல்லத்தைக் கடகடவென்று கடித்தாள். சிரிப்பை அடக்க முடியாமல் அவளுக்குப் புரையேறியது.

அன்றிலிருந்து பத்து நிமிஷ சூப்பு அந்த வீட்டில் சீக்கிரம் ஆகவே இல்லை. மாமியார் வந்து எட்டிப் பார்த்து, "இன்னும் ஒரு சொம்பு ஊத்துடி, வத்திப் போச்சு" என்பாள். பிரியா ஊற்றுவாள். ஆவி கண்ணை மூடும், மிக்ஸி காதை மூடும். அந்த இடைவெளியில் ஒருத்தி வெல்லம் தின்றாள், ஒருத்தி வெங்காயத்தைத் திட்டினாள், பாலைக் கெஞ்சினாள். மாமியார் கட்டி கட்டியாக எடுத்தபோது, "ஒண்ணே ஒண்ணு போதும் அத்தை, நிஜமாவே சுகரு இருக்குல்ல" என்று டப்பாவை வாங்கி வைத்தாள். "நீயும் அவனும் ஒரே மாதிரிதான்" என்று பஞ்சவர்ணம் கோபித்துக்கொண்டாலும் மறுநாள் ஒன்றோடு நிறுத்திக்கொண்டாள்.

ஆனால் அடுப்பை அணைத்து, ஆவி அடங்கியதும், கறுப்புக் கண் மெல்லத் தெளிந்துவிடும். கிர்ரென்று தேட ஆரம்பிக்கும். பிரியா உடனே முதுகைக் காட்டி நின்றுகொள்வாள். கொஞ்ச நேரம் திறந்துவிட்டு மறுபடி பூட்டுவதைவிடப் பூட்டியே வைத்திருக்கலாம் என்று அவளுக்குத் தோன்றும்.

ஒரு சாயந்திரம் மிக்ஸி ஓடும்போது அவள் கேட்டாள். "அத்தை, உங்க பட்டன் போனக் கொஞ்சம் குடுங்க. எங்கம்மாகிட்ட பேசணும்."

அவளுடைய போனில் பேசினால் யாரோடு பேசினாய் என்று கேள்வி வரும். பஞ்சவர்ணம் யோசித்தாள். இடுப்பிலிருந்து போனை எடுத்து மேடையில் வைத்தாள்.

"நான் குடுக்கல. நீயா எடுத்துக்கிட்ட. நீ டப்பாவப் பாக்கல, நான் போனப் பாக்கல. சரியா?"

பிரியா குளியலறைக் குழாயைத் திறந்துவிட்டு அம்மாவோடு பேசினாள். அம்மா அழுதாள். பிறகு அப்பா வாங்கிப் பேசினார். "நான் வூட்டுக்குள்ள வரலம்மா. இன்னொரு தடவ அந்தச் சுவத்துகிட்ட என்னால நிக்க முடியாது. பெருக்குக்கு மொத நாள் சாயந்திரம் ரோட்டு முனையில வண்டியோட நிக்கிறேன். வர முடிஞ்சா வா. இருட்டுற வரைக்கும் நிக்கிறேன்."

பெருக்குக்கு முதல் நாள் வெள்ளிக்கிழமையாக வந்தது. ஆடி வெள்ளி என்பதால் அவள் சேலை கட்டியதை யாரும் கேட்கவில்லை. துணிப்பையை வெளியில் தெரியாமல் அடுப்பு மேடைக்குக் கீழே அரிசி மூட்டைக்குப் பின்னால் வைத்திருந்தாள். காய் நறுக்க உட்கார்ந்தபோது சுவர் பேசியது.

"பிரியா, தெனமும் இந்த சூப்பு நேரத்துல ஒண்ணும் தெரிய மாட்டேங்குது. அறிவுகிட்ட சொல்லிட்டேன். நாளைக்குக் காலைல வந்து கேமராவக் கழட்டி கொல்லைக் கதவுக்கு மேல மாட்டிருவான். அங்கன்னா ஆவி வராது."

கத்தி கேரட்டில் பாதியில் நின்றது. "சரிங்க" என்றாள்.

கூடத்தில் பெருக்கிக்கொண்டிருந்த மாமியாரின் துடைப்பமும் நின்றது.

பிரியா பெரிய பாத்திரத்தை எடுத்தாள். பூண்டைத் தட்டிப் போட்டு வதக்கினாள். காயைக் கொட்டி, நாலு பேர் குடிக்கிற அளவுக்குத் தண்ணீர் ஊற்றினாள். தீயை முழுசாகத் திறந்தாள். கொதி வந்தது. ஆவி குபுகுபுவென்று ஏறி, கண்ணாடியில் பூத்து, திரண்டு, சொட்டாக வழிந்தது.

"ஆரம்பிச்சிடுச்சு பாரு" என்றது சுவர் சலிப்போடு.

பஞ்சவர்ணம் வந்து வெந்த காயை அள்ளி மிக்ஸியில் போட்டாள். மருமகளைப் பார்க்காமலே திருகினாள். "போடி. சீக்கிரம் போ. அப்பன் நிக்கிறாரு, கொளஞ்சி பாத்துட்டு வந்து சொன்னா. மிக்ஸி சூடாயிடும், ரொம்ப நேரம் ஓட்ட முடியாது."

"உங்களுக்குத் தெரியுமா?"

"அடுப்படிக்குள்ள பைய ஒளிச்சு வச்சா வூட்டுக்காரிக்குத் தெரியாதா? நீ போயி ஆத்துல மாலைய வுடு. நான் அவன்கிட்ட, கண்ணு தெரிஞ்சப்ப அவளக் காணம்டான்னு சொல்லிக்கறேன்."

பிரியா பையை எடுத்துத் தோளில் மாட்டினாள். கொல்லைத் தாழ்ப்பாளில் கையை வைத்தாள். அடுத்த தெருவில் நெம்பி உடைத்த கதவு நினைவுக்கு வந்தது. இதே மாதிரிப் பச்சைப் பெயிண்ட் அடித்த கதவு. அதன் வழியாகத்தான் திருடன் பையோடு போனான். நாளைக்குத் தெருவில் என்ன பேசுவார்கள் என்று அவளுக்குத் தெரியும். புருஷன் கண்ணை மறைத்துவிட்டுக் கொல்லைப்பக்கமாக ஓடினாள் என்பார்கள். எங்கே ஓடினாள், யாரோடு ஓடினாள், அதை ஆளுக்கு ஒன்றாகச் சேர்த்துக்கொள்வார்கள். அப்பா ரோட்டில் நின்றது எவர் கணக்கிலும் வராது. இன்றைக்கு அவன் கண்ணைக் கட்டிவிட்டுப் போனால், அதற்கப்புறம் வாழ்நாள் முழுக்க அவன் கண்ணைக் கட்டிவிட்டுத்தான் எதையும் செய்ய வேண்டியிருக்கும். சோறு தின்ன ஒரு பாத்திரம் ஆவி, அம்மாவோடு பேச ஒரு மிக்ஸி.

அவள் கையை எடுத்தாள். காய் நறுக்கும் முக்காலியை இழுத்து அடுப்போரம் போட்டாள்.

"என்னாடி பண்ற?" என்றாள் பஞ்சவர்ணம்.

பிரியா தீயை அணைத்துவிட்டு முக்காலியில் ஏறினாள். முந்தானையால் கேமராவின் கண்ணைத் துடைத்தாள். ஆவி சுட்டது. ஒருமுறை துடைத்தது போதாமல் மறுபடி அழுத்தித் துடைத்தாள். பஞ்சவர்ணம் வாயைப் பிளந்தபடி மிக்ஸியை நிறுத்தினாள். வீடு திடீரென்று அமைதியானது.

"ஆங், இப்பத் தெரியுது" என்றான் தமிழழகன். பிறகு, "ஏன் இவ்ளோ கிட்ட நிக்கிற? அது என்ன பை?"

அவள் இறங்கி, முழுசாகத் தெரியும்படி நடு அடுப்படியில் நின்றாள்.

"திருமழபாடிக்குப் போறேங்க. நாளைக்குப் பெருக்கு. அப்பா ரோட்டு முனையில நிக்கிறாரு."

"வேணாம்னு சொன்னேன்ல?"

"சொன்னீங்க."

"சொல்லியும் போற?"

"உங்ககிட்ட சொல்லாமப் போகக் கூடாதுன்னுதான் தொடச்சேன்."

பின்னால் யாரோ அவனுடைய ரூமில் சிரிப்பதும் தட்டுகள் உரசுவதும் கேட்டது. பிறகு அவன் குரல் உடைந்துபோய் உச்சத்தில் ஏறியது.

"அம்மா! என்னம்மா பாத்துட்டு நிக்கிற? அவளப் புடி!"

பஞ்சவர்ணம் கரண்டியை எடுத்து சூப்பைக் கலக்கினாள். "எனக்கு முட்டி வலி. நீ வந்து புடி."

"அம்மா!"

"வேணாம்னு சொன்ன. அவ கேக்கல. இதுக்கு மேல நான் என்னடா பண்ணட்டும்? மல்லித்தழ எங்கடி வச்ச?"

"பிரிட்ஜில, கீழ் தட்டுல அத்தை" என்றாள் பிரியா. இத்தனை கலவரத்திலும் அதற்குப் பதில் வந்துவிட்டது.

"போனா அங்கயே இருந்துக்க" என்றான் தமிழழகன். "திரும்பி வராத. கேக்குதா? நாளைக்கே பூட்டு மாத்தச் சொல்றேன்."

அந்த வார்த்தை அவளை நிஜமாகவே நிறுத்திவிட்டது. அவனால் செய்ய முடியும். அறிவரசனுக்கு ஒரு போன் போதும். சுவரைப் பார்த்தாள். அந்தக் கறுப்புக் கண் அவளைப் பார்த்தது. அது கிட்ட வரவில்லை, கையைப் பிடிக்கவில்லை, கதவை மறிக்கவில்லை. இத்தனை நாளும் அது செய்ததெல்லாம் பார்த்ததும் கேட்டதும்தான். மற்றதையெல்லாம் இவள்தான் செய்திருக்கிறாள். துண்டு போட்டதும், பேச்சை நிறுத்தியதும், முதுகைக் காட்டி நின்றதும்.

"பெருக்கு முடிச்சு நாலு நாள் இருந்துட்டு வரேங்க" என்றாள். "சாப்பிட்டுட்டுப் படுங்க. வரேன் அத்தை."

கொல்லைக் கதவு பக்கம் போகாமல் கூடத்தைத் தாண்டி வாசலுக்கு வந்தாள். வாசல் கேமராவும் கிர்ரென்று திரும்பி அவளைப் பார்த்தது. அதிலிருந்தும் அவன் குரல் வந்தது. "பிரியா, நில்லு. பிரியா!" எதிர்வீட்டில் கொளஞ்சி கோலப்பொடிக் கிண்ணத்தோடு நிமிர்ந்தாள். "எங்கம்மா, ஊருக்கா?"

"ஆமாக்கா. ஆடிக்கு."

"போயிட்டு வா, போயிட்டு வா" என்றாள் கொளஞ்சி, கத்துகிற சுவரையும் அவளையும் மாறி மாறிப் பார்த்து.

தெரு நீளமாக இருந்தது. ஓட வேண்டும் போல இருந்தும் அவள் ஓடவில்லை. ரோட்டு முனைப் புளியமரத்தடியில் அப்பா பழைய டிவிஎஸ் வண்டியில் சாய்ந்து நின்றிருந்தார். சிமெண்டு லாரிகள் போய்ப் போய் அவருடைய தலையும் சட்டையும் வெளுத்திருந்தன. அவள் தெருவழியே நேராக நடந்து வருவதைப் பார்த்ததும் பதறிவிட்டார்.

"பின்பக்கமால்ல வருவேன்னு பாத்துட்டு இருந்தேன்? யாரும் பாக்கலியே?"

"எல்லாரும் பாத்தாங்கப்பா. அவரும் பாத்தாரு."

சாமிதுரை மேலே கேட்கவில்லை. பையை வாங்கி முன்னால் மாட்டிவிட்டு வண்டியை மிதித்தார். அது வழக்கம் போல இரண்டு மூன்று மிதிக்கப்புறம்தான் கிளம்பியது. பிரியா பின்னால் உட்கார்ந்து அவர் சட்டையைப் பிடித்துக்கொண்டாள்.

அரியலூர் ரோட்டுக்கு வருவதற்குள் பையில் போன் அடிக்க ஆரம்பித்தது. நிற்கும், மறுபடி அடிக்கும். முன்னால் சுண்ணாம்புக்கல் லாரி ஒன்று புழுதியைக் கிளப்பிக்கொண்டு போனது. அப்பா வேகத்தைக் குறைத்து, "எடும்மா, ஒரு வார்த்தை பேசிடு" என்றார்.

"வூட்டுக்குப் போயி எடுக்குறேன்பா."

ஊர் எல்லை தாண்டும்போது அடிப்பது நின்றது. நின்றபிறகு அவள் முன்னால் தொங்கிய பையை எட்டிப் பார்த்தாள். அடிக்கும்வரை அவன் கோபத்தோடாவது அந்தப் பக்கம் இருந்தான். இப்போது யாருக்குப் போன் போட்டுக்கொண்டிருப்பான்? பூட்டுக்கா, அம்மாவுக்கா? அத்தனை பேர் படுத்திருக்கும் அந்த ரூமில் போனைக் கவிழ்த்துவைத்துவிட்டு உட்கார்ந்திருப்பானோ? திரும்பி வரும்போது அந்தக் கதவு திறக்குமா என்று அவளுக்குத் தெரியவில்லை. திறந்தால் உள்ளே எப்படி நிற்பது என்பதும் தெரியவில்லை.

"என்னம்மா, சட்டைய இந்தப் புடி புடிக்கிற?" என்றார் அப்பா. "நிறுத்தட்டா?"

"வேணாம்பா. ஓட்டுங்க."